எட்டிலொன்றும் ஆறிலொன்றும்



மஃரிப் தொழுது முடித்து, பிள்ளைகளைப் பாடப் புத்தகத்தோடு உட்கார வைக்கும் நேரத்தில் கணக்குப் பாடம் வந்தால் நம்மில் பலர் மெல்ல எழுந்து அடுப்படிக்குப் போய்விடுகிறோம். அதிலும் பின்னக் கணக்கு என்றால் கேட்கவே வேண்டாம். “டியூஷன் சேரிடம் கேட்டுக்கொள்” என்று சொல்லிவிடுவோம். இந்த மாதம் மட்டும் எழுந்து போகாதீர்கள். கிண்ணியாவிலோ மூதூரிலோ திருமலை ஜமாலியாவிலோ இதைப் படித்துக்கொண்டிருக்கும் உங்களுக்கும் அந்தக் கணக்குக்கும் பிள்ளையின் புள்ளிகளை விடப் பெரிய தொடர்பு ஒன்று இருக்கிறது. உங்கள் வாப்பாவின் காணியில் உங்களுக்கு எத்தனை பேர்ச் என்பது அந்தக் கணக்கில்தான் இருக்கிறது.

பிள்ளையின் கொப்பியில் 1/8 உடன் 1/6 ஐக் கூட்டச் சொல்லியிருக்கிறது என்று வைத்துக்கொள்வோம். மேலே இருப்பது தொகுதியெண், கீழே இருப்பது பகுதியெண். பிள்ளை மேலேயுள்ள ஒன்றையும் ஒன்றையும் கூட்டி இரண்டு என்றும், கீழேயுள்ள எட்டையும் ஆறையும் கூட்டிப் பதினான்கு என்றும் எழுதி, 2/14 என்று கொண்டுவந்து காட்டும். பிழை என்று நமக்குத் தெரியும். ஏன் பிழை? பதினான்கில் இரண்டு என்றால் ஏழில் ஒன்று. ஏழில் ஒன்று ஆறில் ஒன்றை விடச் சிறியது. ஆறில் ஒன்று கையில் இருக்க, அதோடு இன்னும் கொஞ்சம் சேர்த்த பிறகு இருந்ததை விடக் குறைந்துபோகுமா? பிள்ளையிடம் இந்த ஒரு கேள்வியைக் கேளுங்கள். தன் பிழையைத் தானே கண்டுகொள்ளும்.

கொத்தும் சுண்டும் கொண்டு அரிசி அளந்த காலத்து உம்மம்மாமார் பள்ளிக்கூடம் போகாமலே இந்தக் கணக்கைச் செய்தார்கள். நான்கு சுண்டு ஒரு கொத்து. அரைக் கொத்தோடு ஒரு சுண்டைச் சேர்த்தால் எவ்வளவு என்று கேட்டால், அரைக் கொத்தை இரண்டு சுண்டாக மனதுக்குள் மாற்றி, “மூன்று சுண்டு” என்று சொல்லிவிடுவார்கள். கொத்தைக் கொத்தோடும் சுண்டைச் சுண்டோடும்தான் கூட்டலாம். இரண்டையும் ஒரே அளவுக்குக் கொண்டுவந்துவிட்டால் பிறகு வெறும் எண்ணிக்கைதான். பாடப் புத்தகம் இதற்குச் சமவலுப் பின்னம் என்றும் பொது மடங்குகளுட் சிறியது என்றும் பெரிய பெயர்களை வைத்திருக்கிறது.

எட்டுக்கும் ஆறுக்கும் பொதுவான சின்ன அளவு எது? எட்டின் மடங்குகள் எட்டு, பதினாறு, இருபத்துநான்கு. ஆறின் மடங்குகள் ஆறு, பன்னிரண்டு, பதினெட்டு, இருபத்துநான்கு. இரண்டும் சந்திக்கும் இடம் இருபத்துநான்கு. எட்டிலொன்று என்பது இருபத்துநான்கில் மூன்று. ஆறிலொன்று என்பது இருபத்துநான்கில் நான்கு. கூட்டினால் 7/24.

இந்த எட்டையும் ஆறையும் நான் சும்மா எடுக்கவில்லை. பிள்ளைகளை விட்டு மௌத்தானவரின் மனைவிக்கு எட்டிலொன்று. பிள்ளைகள் இருக்கும்போது அவருடைய தாய்க்கு ஆறிலொன்று. அல்லாஹ் திருமறையின் நான்காம் அத்தியாயமான ஸூரத்துன் நிஸாவில் தானே பகிர்ந்து கொடுத்த பங்குகள் இவை. அந்த அத்தியாயத்தின் பெயரே பெண்கள் என்பதை மறந்துவிட வேண்டாம்.

இந்தச் சட்டம் இறங்கியதற்குப் பின்னால் ஒரு விதவையின் முறையீடு இருக்கிறது. உஹதுப் போரில் ஷஹீதான ஸஃது இப்னு ரபீஉ (ரழி) அவர்களின் மனைவி, தன் இரண்டு பெண்பிள்ளைகளையும் கூட்டிக்கொண்டு ரஸூலுல்லாஹி (ஸல்) அவர்களிடம் வந்தார். பிள்ளைகளின் வாப்பாவுடைய சொத்து முழுவதையும் அவருடைய சகோதரர் எடுத்துக்கொண்டார், கையில் ஒன்றும் இல்லாமல் இந்தப் பிள்ளைகளை எப்படிக் கட்டிக் கொடுப்பேன் என்று முறையிட்டார். பிறகு பாகப்பிரிவினை வசனம் இறங்கியது. நபி (ஸல்) அவர்கள் அந்தச் சிறிய தந்தையை அழைத்து, இரண்டு பெண்பிள்ளைகளுக்கும் மூன்றில் இரண்டு, அவர்களின் தாய்க்கு எட்டில் ஒன்று, மிச்சம் உனக்கு என்று தீர்ப்புக் கொடுத்தார்கள். ஜாபிர் (ரழி) அறிவிக்கும் இந்தச் செய்தி அபூதாவூதிலும் திர்மிதியிலும் வருகிறது.

அந்த மிச்சம் எவ்வளவு? மூன்றில் இரண்டு இருபத்துநான்கில் பதினாறு. எட்டில் ஒன்று மூன்று. இரண்டும் சேர்ந்து பத்தொன்பது. எல்லாவற்றையும் எடுத்திருந்த சகோதரருக்குச் சேர வேண்டியது இருபத்துநான்கில் ஐந்துதான். இந்த ஒரு கணக்கைச் செய்யத் தெரிந்தால் அவர் எத்தனை மடங்கு கூடுதலாக வைத்திருந்தார் என்பது உங்களுக்கே விளங்கும்.

இப்போது நம் ஊருக்கு வருவோம். துறைமுகத்தை அண்டிய கிராமம் ஒன்றில், தொண்ணூற்றாறு பேர்ச் காணி வைத்திருந்த ஒரு மீனவர் மௌத்தாகிறார் என்று கற்பனை செய்துகொள்வோம். இருப்பவர்கள் மனைவி, தாய், ஒரு மகன், இரண்டு மகள்மார். மனைவிக்கு 1/8, தாய்க்கு 1/6. சேர்ந்து 7/24 என்று மேலே பார்த்தோம். மிச்சம் 17/24 பிள்ளைகளுக்கு. மகனுக்கு இரண்டு, மகள் ஒவ்வொருவருக்கும் ஒன்று, ஆக நான்கு கூறு. பதினேழை நான்காகப் பிரித்தால் மிச்சம் வரும். அதனால் அளவை இன்னும் சிறிதாக்க வேண்டும்: இருபத்துநான்கை நான்கால் பெருக்கினால் தொண்ணூற்றாறு. மனைவிக்குப் பன்னிரண்டு, தாய்க்குப் பதினாறு, மகனுக்கு முப்பத்துநான்கு, மகள்மாருக்குப் பதினேழு பதினேழு. கூட்டிப் பாருங்கள், தொண்ணூற்றாறு சரியாக வரும். பேர்ச்சும் அதே எண்ணிக்கை என்பதால் ஒரு கூறு ஒரு பேர்ச். இந்தப் பெரியவரின் குடும்பத்தார் பிள்ளையின் கொப்பிக் கணக்கைப்போல 2/14 என்று கூட்டியிருந்தால் மனைவிக்கும் தாய்க்குமாகச் சேர்த்தே பதினான்கு பேர்ச் தேறியிராது. உண்மையில் அவர்களுக்கு இருபத்தெட்டு.

இந்தக் கணக்கைத் தொடங்குவதற்கு முன் சில கழிவுகள் உண்டு. ஜனாஸாச் செலவு, பிறகு கடன், பிறகு மூன்றில் ஒன்றுக்கு மேற்படாத வஸிய்யத். கடன் என்றால் கடைக்காரனுக்குக் கொடுக்க வேண்டியது மட்டுமா? கொடுக்காமல் வைத்த மஹரும் கடன்தான். மனைவி அதை முதலில் எடுத்துக்கொண்டு, பிறகு எட்டிலொன்றுக்கும் வர வேண்டும். மஹரைக் கொடுத்துவிட்டு “இதுதான் உன் பங்கு” என்று கையை விரிப்பவர்கள் இருக்கிறார்கள். இரண்டும் வேறு வேறு.

அதேபோல, நம் கிழக்குக் கரையில் கல்யாணத்தின்போது மகளுக்கு வீட்டை எழுதிக் கொடுக்கும் வழக்கம் இருக்கிறது. வாப்பா உயிரோடிருக்கும்போது உறுதி முடித்துக் கையளித்த வீடு மகளுடையது. அது மையித்தின் சொத்தில் சேராது. அந்த வீட்டைக் காட்டி, “உனக்குத்தான் வீடு தந்தாயிற்றே, வயலில் உனக்கு என்ன பங்கு” என்று கேட்பது ஊர்ப் பேச்சு. ஃபராயிழ் கணக்கில் அந்தப் பேச்சுக்கு இடமில்லை. அவளாக மனம் விரும்பி விட்டுக்கொடுத்தால் அது அவளுடைய தாராளம். ஆனால் எவ்வளவை விட்டுக்கொடுக்கிறாள் என்று அவளுக்குத் தெரிந்திருக்க வேண்டாமா?

இனித்தான் கணக்கு ருசிக்கப் போகிறது. அந்த மீனவரின் காணியை யாரும் பிரிக்கவில்லை. “உம்மா இருக்கும்வரை கிடக்கட்டும்” என்று விட்டுவிட்டார்கள். நம் பகுதியில் இது மிகச் சாதாரணம். சில வருடங்களில் அந்த மனைவி மௌத்தாகிறார். அவருடைய பெற்றோர் ஏற்கனவே மௌத்து. இருப்பவர்கள் அதே மூன்று பிள்ளைகள். அவருடைய பன்னிரண்டு கூறும் மகனுக்கு ஆறு, மகள்மாருக்கு மூன்று மூன்றாகப் போகிறது. இப்போது மகன் நாற்பது, மகள்மார் இருபது இருபது, வாப்பும்மா பதினாறு. பிறகு வாப்பும்மாவும் மௌத்தாகிறார். அவருக்கு உயிரோடிருக்கும் பிள்ளை ஒருவர்தான்: மூதூரில் வாழ்க்கைப்பட்ட ஒரு மகள், அதாவது இந்தப் பிள்ளைகளின் மாமி. ஒரே மகளுக்குப் பாதி. வாப்பும்மாவின் பதினாறில் எட்டு மாமிக்கு. மிச்ச எட்டும் மகன் வழிப் பேரப்பிள்ளைகளுக்கு: பேரனுக்கு நான்கு, பேத்திமாருக்கு இரண்டு இரண்டு. முடிவில் மகன் நாற்பத்துநான்கு, மகள்மார் இருபத்திரண்டு இருபத்திரண்டு, மாமி எட்டு. எல்லாம் சேர்ந்து அதே தொண்ணூற்றாறு.

மாமிக்கு எட்டு பேர்ச். பன்னிரண்டில் ஒரு பங்கு. அந்தக் காணியைத் தன்னுடையது என்று அவர் ஒரு நாளும் நினைத்திருக்க மாட்டார். மருமக்களும் நினைத்திருக்க மாட்டார்கள். வாப்பாவின் காணி, பிள்ளைகள் மூன்று பேர், அவ்வளவுதானே என்று நான்கு கூறாக்கி முடித்திருப்பார்கள். யாரும் வேண்டுமென்று அநியாயம் செய்யவில்லை. நடுவில் நின்ற ஒரு பின்னத்தை எண்ணாமல் விட்டார்கள், மாமியின் ஹக் அதோடு போய்விட்டது. பிரிக்காமல் கிடக்கும்போது அடுத்தடுத்து வரும் மௌத்துகளைக் கோத்துப் பிரிக்கும் இந்தக் கணக்குக்கு உலமாக்கள் முனாஸகா என்று பெயர் வைத்திருக்கிறார்கள். இரண்டு தலைமுறை தாண்டினால் பகுதியெண் நூற்றுக்கணக்கில் போகும். நொத்தாரிசு எழுதிய பழைய உறுதிகளில் ‘பிரிபடாத’ என்ற சொல்லோடு வாயில் நுழையாத பின்னங்கள் இருப்பதைக் கண்டிருப்பீர்கள். அந்தப் பெரிய எண்களுக்குப் பின்னால் இப்படி ஒவ்வொரு ஜனாஸாவாக எண்ணிக்கொண்டு போகலாம்.

யார் முந்தி, யார் பிந்தி என்பதுதான் இதில் உயிர்நாடி. வாப்பும்மா தன் மகனுக்கு முன்பே மௌத்தாகியிருந்தால் அந்த ஆறிலொன்றே பிறந்திராது. இதைச் சொல்லும்போது 2004 டிசம்பர் 26 ஆம் தேதியை நினைக்காமல் இருக்க முடியவில்லை. அன்று காலை கிண்ணியாவையும் மூதூரையும் கடல் ஏறியபோது, ஒரே வீட்டில் தாயும் மகனும், கணவனும் மனைவியும் ஒரே அலையில் போனார்கள். யாருடைய ரூஹு முதலில் பிரிந்தது என்று யார் சொல்வது? நம் இமாம்கள் இதைப் பல நூற்றாண்டுகளுக்கு முன்பே யோசித்திருக்கிறார்கள். சேர்ந்து மூழ்கியவர்கள், இடிபாட்டில் சேர்ந்து மௌத்தானவர்கள் ஆகியோரில் முந்தியவர் யாரென்று தெரியாவிட்டால், அவர்கள் ஒருவருக்கொருவர் வாரிசாக மாட்டார்கள். ஒவ்வொருவருடைய சொத்தும் உயிரோடு மிஞ்சிய அவரவர் வாரிசுகளுக்குப் போகும். ஷாஃபிஈ மத்ஹபில் இதுதான் சட்டம்.

மேலே சொன்ன மீனவரும் அவருடைய தாயும் அப்படிச் சேர்ந்து போயிருந்தால்? தாயின் ஆறிலொன்று இல்லை. மனைவிக்கு எட்டிலொன்று, மிச்சம் எட்டில் ஏழு பிள்ளைகளுக்கு. தொண்ணூற்றாறில் மனைவிக்கு அதே பன்னிரண்டு, மகனுக்கு நாற்பத்திரண்டு, மகள்மாருக்கு இருபத்தொன்று இருபத்தொன்று. மூதூர் மாமிக்கு இந்தக் காணியில் ஒன்றுமில்லை. உம்மாவின் சொந்தச் சொத்தில் மட்டும்தான் அவருக்குப் பங்கு.

நம் தமிழிலும் பின்னங்களுக்கு அழகான பெயர்கள் இருந்தன. எட்டிலொன்று அரைக்கால், பதினாறிலொன்று வீசம் அல்லது மாகாணி, இருபதிலொன்று மா, எண்பதிலொன்று காணி, முந்நூற்றிருபதிலொன்று முந்திரி. விதவையின் பங்கு அரைக்கால் என்று பழைய ஆட்கள் சொன்னால் சரியாக இருக்கும். ஆனால் ஆறிலொன்றுக்கும் மூன்றிலொன்றுக்கும் அந்த வரிசையில் தனிப்பெயர் இல்லை. முந்நூற்றிருபதை மூன்றால் மீதியில்லாமல் பிரிக்க முடியாதே! திருமறையின் பங்குகளைப் பாருங்கள்: 1/2, 1/4, 1/8 ஒரு குடும்பம், 2/3, 1/3, 1/6 மறு குடும்பம். இரண்டும் கலக்கும்போதுதான் பன்னிரண்டும் இருபத்துநான்கும் தேவைப்படுகின்றன. எப்படிக் கலந்தாலும் பகுதியெண் இருபத்துநான்கைத் தாண்டாது. அந்த அளவுக்குள் இரண்டு, மூன்று, நான்கு, ஆறு, எட்டு, பன்னிரண்டு, இருபத்துநான்கு என்று ஏழே ஏழு அடிப்படை எண்களை ஃபராயிழ் கிதாபுகள் சொல்கின்றன. ஒன்பதாம் நூற்றாண்டில் பக்தாதில் இருந்த அல்குவாரிஸ்மி இயற்கணிதத்துக்குப் பெயர் தந்த தம் நூலில் பெரும் பகுதியை வஸிய்யத், வாரிசுரிமைக் கணக்குகளுக்கே ஒதுக்கினார் என்பதைக் கணக்குக்குப் பயப்படும் பிள்ளைகளிடம் சொல்லலாம்.

சில நேரம் பங்குகளைக் கூட்டினால் ஒன்றைத் தாண்டிவிடும். ஒரு பெண் மௌத்தாகிறாள். பிள்ளை இல்லை, பெற்றோர் இல்லை. கணவனும் உடன்பிறந்த இரண்டு சகோதரிகளும் இருக்கிறார்கள். கணவனுக்கு 1/2, சகோதரிகளுக்கு 2/3. ஆறில் மூன்று, ஆறில் நான்கு: ஆக 7/6. ஆறு கூறு உள்ள சொத்தில் ஏழு கூறு எங்கிருந்து வரும்? உமர் (ரழி) அவர்களின் ஆட்சியில் இப்படியொரு வழக்கு வந்ததாகவும், அவர்கள் ஸஹாபாக்களைக் கலந்து முடிவெடுத்ததாகவும் அறிவிக்கப்படுகிறது. சொத்து போதாதபோது கடன்காரர்கள் எல்லாரும் விகிதப்படி குறைத்துக்கொள்வது போல, வாரிசுகளும் குறைத்துக்கொள்வது. செய்முறை மிக எளிது: பகுதியெண் ஆறை ஏழாக்கிவிட வேண்டியதுதான். ஏழு இலட்சம் ரூபாய் என்றால் கணவனுக்கு மூன்று, சகோதரிகளுக்கு இரண்டு இரண்டு. இதற்கு அவ்ல் என்று பெயர். இப்னு அப்பாஸ் (ரழி) அவர்கள் இதில் மாறுபட்டிருந்தார்கள். நான்கு மத்ஹபுகளும் அவ்லை ஏற்றுக்கொண்டன.

அலீ (ரழி) அவர்களைப் பற்றிய செய்தி ஒன்று பிரசித்தமானது. மிம்பரில் நின்றுகொண்டிருந்தபோது அவர்களிடம் ஒருவர் கேட்கிறார்: மனைவி, இரண்டு மகள்மார், தாய், தந்தை. எட்டிலொன்று, மூன்றில் இரண்டு, ஆறிலொன்று, ஆறிலொன்று. இருபத்துநான்கில் மூன்றும் பதினாறும் நான்கும் நான்கும், ஆக இருபத்தேழு. தம் பேச்சை நிறுத்தாமலே, அந்த மனைவியின் எட்டிலொன்று ஒன்பதிலொன்றாகிவிட்டது என்று அவர்கள் பதில் சொன்னார்களாம். இருபத்தேழில் மூன்று ஒன்பதில் ஒன்றுதானே. கடதாசியும் பேனாவும் வைத்துக்கொண்டு நாம் தடுமாறும் கணக்கு இது.

சட்டத்தைப் பற்றி ஒரு சில வார்த்தைகள். இலங்கையில் வஸிய்யத் எழுதாமல் மௌத்தாகும் முஸ்லிமின் சொத்து, அவர் சார்ந்த மத்ஹபின் சட்டப்படியே பிரிய வேண்டும் என்று 1931 ஆம் ஆண்டின் 10 ஆம் இலக்க முஸ்லிம் வாரிசுரிமைக் கட்டளைச் சட்டம் சொல்கிறது. ஆகவே மேலே போட்ட கணக்குகள் பள்ளிவாசல் உபதேசம் மட்டுமல்ல. நீதிமன்றமும் அதையேதான் போடும். காதி நீதிமன்றம் விவாகம், விவாகரத்து, மஹர், தாபரிப்பு போன்றவற்றுக்கு உரியது. காணி வழக்கு மாவட்ட நீதிமன்றத்துக்குப் போக வேண்டும். 1977 ஆம் ஆண்டின் 21 ஆம் இலக்கப் பிரிவினைச் சட்டப்படி, எவ்வளவு சிறிய பங்குள்ளவரும் வழக்கு வைக்கலாம். எட்டு பேர்ச் மாமியும் வைக்கலாம். ஆனால் அந்த வழக்குகள் வருடக் கணக்கில் இழுபடும், செலவும் கூட. ஜனாஸா எடுத்த வருடத்துக்குள்ளேயே ஆலிம் ஒருவரை வைத்து, நொத்தாரிசிடம் பிரித்து எழுதிக்கொள்வது எவ்வளவோ மேல்.

போரிலும் இடப்பெயர்விலும் உறுதிகளைத் தொலைத்தவர்கள் நம்மில் பலர். 2006 ஆகஸ்டில் மூதூரிலிருந்து உடுத்த உடுப்போடு கந்தளாய்க்கு ஓடியவர்கள் எந்தப் பெட்டியைத் தூக்கினார்கள்? உறுதி இல்லையென்று பங்கையே கைவிட வேண்டாம். காணிப் பதிவகத்தில் பிரதி எடுக்க வழியுண்டு. ஆனால் அரசு கொடுத்த அனுமதிப்பத்திரக் காணியென்றால் விசயம் வேறு. அது 1935 ஆம் ஆண்டின் காணி அபிவிருத்திக் கட்டளைச் சட்டத்தின் கீழ் வருவதால், பின்னுரித்தாளராகப் பெயர் குறிக்கப்பட்டவருக்கே போகும். ஃபராயிழ் அங்கே செல்லாது. பெயர் குறிக்காவிட்டால் ஆண்பிள்ளைக்கே முன்னுரிமை என்றிருந்ததை 2022 இல்தான் திருத்தினார்கள். உங்கள் வீட்டுக் காணி எந்த வகை என்று இன்றைக்கே கேட்டு வையுங்கள்.

கடைசியாக, பிள்ளையோடு உட்கார்ந்து போட்டுப் பார்க்க ஒரு கணக்கு. ஒரு பெண் மௌத்தாகிறாள். இருப்பவர்கள் கணவன், தாய், இரண்டு மகன்மார், ஒரு மகள். பிள்ளைகள் இருப்பதால் கணவனுக்கு நான்கில் ஒன்று, தாய்க்கு ஆறில் ஒன்று. மிச்சம் பிள்ளைகளுக்கு, ஆணுக்கு இரண்டு பெண்ணுக்கு ஒன்றாக. முதலில் நான்குக்கும் ஆறுக்கும் பொது அளவைக் கண்டுபிடியுங்கள். மிச்சத்தை ஐந்தாகப் பிரிக்க முடியாமல் நிற்பீர்கள். அப்போது அளவை ஐந்து மடங்காகச் சிறிதாக்குங்கள். கடைசியில் சொத்து அறுபது கூறாகும். அதில் மகளுக்கு ஏழு வந்திருந்தால் உங்கள் கணக்குச் சரி.

வஸ்ஸலாம்.